பின்னங்களையும் கலப்புப் பின்னங்களையும் வகுக்கும் வாக்கியக் கணக்குகள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஆறாம், ஏழாம் வகுப்பு மாணவர்கள், அவர்களுக்கு வீட்டில் சொல்லிக்கொடுக்கும் பெற்றோர், போட்டித் தேர்வுக்காகப் பள்ளிக் கணக்கை மறுபடியும் கையில் எடுத்திருப்போர் ஆகியோர் வழக்கமாகக் கேட்கும் கேள்விகளுக்கு இங்கே விடை தரப்பட்டுள்ளது. தலைகீழியால், அதாவது மேல் எண்ணும் கீழ் எண்ணும் இடம் மாறிய பின்னத்தால், பெருக்கும் விதி மனப்பாடமாகத் தெரிந்தும், கணக்கு வாக்கியமாக வந்தவுடன் தடுமாறுவோரை மனத்தில் வைத்தே இவை எழுதப்பட்டுள்ளன.

ஒரு வாக்கியக் கணக்கில் வகுக்க வேண்டுமா, பெருக்க வேண்டுமா என்று எப்படித் தெரிந்துகொள்வது?

வகுத்தல் கணக்குகள் பெரும்பாலும் இரண்டு கேள்விகளில் ஒன்றைத்தான் கேட்கின்றன. ஒன்று, "இந்த அளவுக்குள் அந்த அளவு எத்தனை முறை அடங்கும்?" என்பது. 15 கிலோ சர்க்கரையை 1¼ கிலோ பைகளில் கட்டினால் எத்தனை பைகள் என்பது இந்த வகை: 15 ÷ 5/4 = 12 பைகள். மற்றொன்று, "ஒரு பகுதிக்கு இவ்வளவு என்றால், முழு ஒன்றுக்கு எவ்வளவு?" என்பது. ஒரு சுவரின் ¾ பங்குக்கு வண்ணம் பூச 4½ மணி நேரம் ஆனது எனில், அதே வேகத்தில் முழுச் சுவருக்கும் எவ்வளவு நேரம் ஆகும் என்று கேட்டால், 4½ ÷ ¾ = 6 மணி நேரம்.

முதல் வகையை மாணவர்கள் எளிதில் கண்டுகொள்கிறார்கள். இரண்டாவது வகைதான் ஏமாற்றும். ஏனெனில், அங்கே எதையும் யாருக்கும் பங்கிட்டுக் கொடுக்கவில்லை. ஆகவே வகுத்தல் என்ற எண்ணமே எழுவதில்லை. "¾ பங்கு" என்ற சொல்லைப் பார்த்தவுடன் 4½ × ¾ என்று பெருக்கி, 3⅜ மணி என்று எழுதிவிடுகிறார்கள். முக்கால் சுவருக்கே நாலரை மணி நேரம் ஆகியிருக்கும்போது, முழுச் சுவர் அதைவிடக் குறைந்த நேரத்தில் முடிய வாய்ப்பில்லை என்று ஒரு நொடி யோசித்தாலே பிழை தெரிந்துவிடும்.

"வீதம்", "ஒவ்வொரு", "தலா" போன்ற சொற்களைப் பார்த்து முடிவு செய்யலாமா?

கூடாது. கீழுள்ள இரண்டு வாக்கியங்களைப் பாருங்கள். "ஒரு பைக்கு 1¼ கிலோ வீதம் 12 பைகளில் உள்ள சர்க்கரை எவ்வளவு?" "ஒரு பைக்கு 1¼ கிலோ வீதம் 15 கிலோ சர்க்கரைக்கு எத்தனை பைகள் தேவை?" இரண்டிலும் "வீதம்" இருக்கிறது; முதலாவது பெருக்கல், இரண்டாவது வகுத்தல். கொடுக்கப்பட்ட எண் பைகளின் எண்ணிக்கையா, மொத்தச் சர்க்கரையா என்பதுதான் செயலைத் தீர்மானிக்கிறது. சொற்களுக்கு அடிக்கோடிட்டு விடை தேடும் பழக்கம் சில பயிற்சி வகுப்புகளில் இன்னும் சொல்லிக்கொடுக்கப்படுகிறது. அது முழு எண் கணக்குகளில் ஓரளவு ஓடும். பின்னக் கணக்கு வந்ததும் காலை வாரிவிடும்.

கணக்கின் போக்கே பிடிபடாவிட்டால் என்ன செய்வது?

பின்னங்களை நீக்கிவிட்டு, எளிய முழு எண்களை அவ்விடத்தில் வைத்து வாக்கியத்தை மறுபடியும் படியுங்கள். "5½ மீட்டர் துணியில், ஓர் உறைக்கு ¾ மீட்டர் வீதம், எத்தனை தலையணை உறைகள் தைக்கலாம்?" என்பது குழப்பினால், "12 மீட்டர் துணியில், ஓர் உறைக்கு 3 மீட்டர் வீதம்" என்று மாற்றிப் படிக்கலாம். 12 ÷ 3 என்பது நான்காம் வகுப்புக் குழந்தைக்கும் தெரியும். எண்கள் மாறினாலும் செயல் மாறாது. ஆகவே 5½ ÷ ¾ என்று துணிந்து எழுதலாம். எந்த எண் முன்னால் வரவேண்டும், எது பின்னால் என்ற ஐயத்தையும் இதே முறை தீர்த்துவிடும்.

தலைகீழியால் பெருக்குவது ஏன் சரியான விடையைத் தருகிறது?

மேலே சொன்ன உறைக் கணக்கையே எடுத்துக்கொள்வோம். ஒரு மீட்டர் துணியில் நான்கு கால் மீட்டர்கள் உள்ளன. ஓர் உறைக்கு மூன்று கால் மீட்டர்கள் வேண்டும். ஆகவே ஒரு மீட்டரில் 4/3 உறை தைக்கலாம், அதாவது ஒரு முழு உறையும் அடுத்ததில் மூன்றில் ஒரு பங்கும். ஒரு மீட்டருக்கு 4/3 என்றால், 5½ மீட்டருக்கு 5½ × 4/3. விதி இவ்வளவுதான்: ¾ இன் தலைகீழியான 4/3 என்பது, ஒன்றுக்குள் முக்கால் எத்தனை முறை அடங்கும் என்பதற்கான விடை.

இந்த விதி பழையது. வகுக்கும் பின்னத்தின் தொகுதியையும் (மேல் எண்) பகுதியையும் (கீழ் எண்) இடம் மாற்றிப் பெருக்க வேண்டும் என்பதைக் கணித அறிஞர் பிரம்மகுப்தர் பொ.ஆ. 628இல் எழுதிய நூலிலேயே சொல்லியிருக்கிறார்.

ஆயினும், முதன்முதலாகக் கற்பவருக்குப் பகுதிகளைச் சமமாக்கும் முறையை முதலில் காட்டுவதே நல்லது என்பது எங்கள் கருத்து. 5½ என்பது 22/4. ஆகவே 5½ ÷ ¾ என்பது 22/4 ÷ 3/4. இரண்டுமே கால்கள் என்பதால், இருபத்திரண்டு கால்களில் மூன்று கால்கள் எத்தனை முறை அடங்கும் என்று கேட்டால் போதும்: 22 ÷ 3. தலைகீழி, பெருக்கல் எதுவுமே இங்கே தேவைப்படவில்லை.

பழைய தமிழ்ப் பின்ன அளவுகள் இதற்கு உதவுமா?

நன்றாகவே உதவும். கால், அரை, முக்கால் ஆகியவற்றோடு அரைக்கால் (1/8), மாகாணி அல்லது வீசம் (1/16), மா (1/20), காணி (1/80), முந்திரி (1/320) என்று தமிழில் பின்னங்களுக்குத் தனிப்பெயர்கள் உண்டு. இவை அனைத்தையும் முந்திரியாக மாற்றினால் முழு எண்களே கிடைக்கும்: ஒன்று 320 முந்திரி, முக்கால் 240, அரைக்கால் 40, மாகாணி 20, மா 16, காணி 4. முக்காலில் எத்தனை மாகாணி என்ற கேள்வி, 240 ÷ 20 = 12 என்ற முழு எண் வகுத்தலாகிவிடுகிறது. பகுதிகளைச் சமமாக்கும் முறையின் பின்னால் இருப்பதும் இதே எண்ணம்தான். மூன்றில் ஒன்று, ஏழில் ஒன்று போன்றவை முந்திரியில் முழுமையாக அடங்கமாட்டா. அங்கே பொதுப் பகுதியை நாமே கண்டுபிடித்துக்கொள்ள வேண்டும்.

விடையில் பின்னம் மிஞ்சினால், அந்தப் பின்னம் எதைக் குறிக்கிறது?

பின்ன வகுத்தலில் மிகுதியான மதிப்பெண்கள் பறிபோவது இந்த இடத்தில்தான். ஆகவே சற்று நின்று பார்ப்போம். 5½ ÷ ¾ = 22/3 = 7⅓. ஏழு உறைகள் தைத்த பின் மிஞ்சிய துணி எவ்வளவு என்று கேட்டால், பல மாணவர்கள் "⅓ மீட்டர்" என்று எழுதக்கூடும். அது தவறு.

ஒரு தாளில் நீளமான செவ்வகம் ஒன்றை வரைந்து, அதை 22 கட்டங்களாகப் பிரியுங்கள். ஒவ்வொரு கட்டமும் கால் மீட்டர். மொத்தம் 5½ மீட்டர். இடது ஓரத்திலிருந்து மூன்று மூன்று கட்டங்களாக வளைத்துக்கொண்டே வந்தால், ஏழு வளையங்களில் 21 கட்டங்கள் முடிந்து, வலது ஓரத்தில் ஒரே ஒரு கட்டம் தனியே நிற்கும். அந்தக் கட்டத்தின் நீளம் கால் மீட்டர். அதே கட்டம், ஓர் உறைக்குத் தேவையான மூன்று கட்டங்களில் ஒன்று. ஆகவே அது மூன்றில் ஒரு பங்கு உறை. துணியாகப் பார்த்தால் ¼ மீட்டர், உறையாகப் பார்த்தால் ⅓ உறை. இரண்டும் ஒரே துண்டுதான்.

ஈவில் வரும் பின்னம் எப்போதும் வகுக்கும் எண்ணின் பங்கு. மிஞ்சிய அளவு மீட்டரிலோ லிட்டரிலோ வேண்டுமென்றால், அந்தப் பின்னத்தை வகுக்கும் எண்ணால் பெருக்க வேண்டும்: ⅓ × ¾ = ¼ மீட்டர். சரிபார்க்கவும் வழி உண்டு. ஏழு உறைகளுக்கு 7 × ¾ = 5¼ மீட்டர் செலவு; 5½ மீட்டரில் அதைக் கழித்தால் ¼ மீட்டர்.

கேள்வியை எழுதும் ஆசிரியர்களுக்கும் ஒரு வேண்டுகோள்: "எவ்வளவு மிஞ்சும்?" என்று மொட்டையாகக் கேட்காமல், "எத்தனை மீட்டர் துணி மிஞ்சும்?" என்று அலகோடு கேட்டால் குழப்பத்திற்கே இடமிராது.

7⅓ என்று வந்தால் 7 என்று எழுதுவதா, 8 என்று எழுதுவதா?

கேள்வி எதைப் பற்றியது என்பதைப் பொறுத்தது. தைத்து முடிக்கக்கூடிய உறைகள் ஏழுதான். எட்டாவதற்குத் துணி போதாது. ஆனால், 18½ லிட்டர் எண்ணெயை 2½ லிட்டர் கேன்களில் ஊற்ற எத்தனை கேன்கள் வேண்டும் என்று கேட்டால், 37/2 × 2/5 = 37/5 = 7⅖ என்று வரும்; எட்டுக் கேன்கள் வாங்கியே ஆகவேண்டும். எட்டாவது கேனில் ⅖ × 2½ = 1 லிட்டர் மட்டுமே இருக்கும். விலை, வேகம், நீளம் போன்றவற்றில் ஈவை அப்படியே விடவேண்டும். அங்கே முழு எண்ணாக்குவது பிழை. ⅓ என்பது அரையைவிடக் குறைவு, ஆகவே 7 என்று முழுமையாக்கும் தோராய விதியை இத்தகைய கணக்குகளில் கண்ணை மூடிக்கொண்டு பயன்படுத்தக் கூடாது. கேன் கணக்கில் ⅖ உம் அரையைவிடக் குறைவுதான். அதற்காக ஒரு லிட்டர் எண்ணெயைத் தரையிலா ஊற்றுவது?

கலப்புப் பின்னங்களைத் தகா பின்னமாக மாற்றாமலே வகுக்க முடியாதா?

வகுபடும் எண்ணைப் பிரிக்கலாம். வகுக்கும் எண்ணைப் பிரிக்கக் கூடாது. 6⅜ லிட்டர் பாலை மூன்று வீடுகளுக்குச் சமமாகக் கொடுத்தால், 6 ÷ 3 = 2 என்றும் ⅜ ÷ 3 = ⅛ என்றும் தனித்தனியே வகுத்து, 2⅛ லிட்டர் என்று சொல்லிவிடலாம். அது சரியான விடையே. 6⅜ ஐ 51/8 என்று தகா பின்னமாக மாற்றுவதைவிட விரைவானதும்கூட.

அதே துணிச்சலில், 6⅜ லிட்டர் பாலை 3¾ லிட்டர் பாத்திரங்களில் ஊற்றும் கணக்கில், 6⅜ ÷ 3¾ என்பதை 6 ÷ 3 = 2, ⅜ ÷ ¾ = ½, ஆகவே 2½ என்று முடிப்பவர்கள் உண்டு. பெருக்கிப் பார்த்தால் குட்டு வெளிப்பட்டுவிடும்: 3¾ × 2½ = 15/4 × 5/2 = 75/8 = 9⅜. நமக்கு வரவேண்டியதோ 6⅜. சரியான வழி, 51/8 ÷ 15/4 = 51/8 × 4/15 = 17/10, அதாவது 1 7/10. மூன்றேமுக்கால் லிட்டர் பாத்திரம் என்பது ஒரே பாத்திரம். அதை மூன்று லிட்டர் பாத்திரம் என்றும் முக்கால் லிட்டர் பாத்திரம் என்றும் இரண்டாக்கிக்கொண்டால், கணக்கு வேறொன்றாகிவிடுகிறது.

வகுத்தால் எண் சிறியதாக வேண்டாமா? விடை பெரிதாக வருகிறதே?

ஒன்றைவிடச் சிறிய எண்ணால் வகுத்தால் ஈவு பெரிதாகத்தான் வரும். 3 லிட்டர் பழச்சாற்றை ¼ லிட்டர் குவளைகளில் ஊற்றினால் 12 குவளைகள். பழச்சாறு பெருகவில்லை, 3 என்பது லிட்டரின் எண்ணிக்கை, 12 என்பது குவளையின் எண்ணிக்கை.

½ ஆல் வகுப்பதும் பாதியாக்குவதும் ஒன்றுதானா?

இல்லை. பாதியாக்குவது என்பது 2 ஆல் வகுப்பது, அல்லது ½ ஆல் பெருக்குவது. ½ ஆல் வகுத்தால் இரண்டு மடங்காகும். சிறுவர்கள் மட்டுமே செய்யும் குழப்பம் என்று இதை நினைத்துவிட வேண்டாம். லிப்பிங் மா என்ற ஆய்வாளர், அமெரிக்காவிலும் சீனாவிலும் உள்ள தொடக்கப்பள்ளி ஆசிரியர்களிடம் 1¾ ÷ ½ என்ற கணக்கைக் கொடுத்து, அதைச் செய்து காட்டவும் அதற்குப் பொருத்தமான ஒரு வாக்கியக் கணக்கை உருவாக்கவும் கேட்டார். 1999இல் நூலாக வெளிவந்த அந்த ஆய்வில், அமெரிக்க ஆசிரியர்கள் 23 பேரில் பாதிக்கும் குறைவானவர்களே சரியான விடையைக் கண்டனர். கருத்தளவில் சரியான வாக்கியக் கணக்கைச் சொன்னவர் ஒரே ஒருவர். மற்றவர்களில் பலர், 1¾ ஐ இருவருக்குச் சமமாகப் பிரிக்கும் கதையைச் சொன்னார்கள். அது 1¾ ÷ 2. சீன ஆசிரியர்கள் 72 பேரும் விடையைச் சரியாகக் கண்டார்கள். அவர்களில் பெரும்பாலோர் பொருத்தமான கணக்கையும் உருவாக்கினார்கள்.

நீங்களும் முயன்று பாருங்கள். 1¾ மீட்டர் நாடாவை ½ மீட்டர் துண்டுகளாக வெட்டுவது ஒரு கதை. ஒரு குழாய் அரை மணி நேரத்தில் தொட்டியின் 1¾ அடி உயரத்துக்கு நீரை நிரப்பினால் ஒரு மணி நேரத்தில் எவ்வளவு நிரப்பும் என்பது மற்றொன்று. இரண்டுக்கும் எண் விடை 3½ தான். முதலாவது துண்டுகளின் எண்ணிக்கை, இரண்டாவது அடி.

சிறிய அளவைப் பெரிய அளவால் வகுக்கும்படி வந்தால் என்ன பொருள்?

ஒருமுறை பாயசம் வைக்க ¾ லிட்டர் பால் வேண்டும். வீட்டில் ½ லிட்டர்தான் இருக்கிறது. ½ ÷ ¾ = ½ × 4/3 = ⅔. அதாவது, குறிப்பில் உள்ள அளவில் மூன்றில் இரண்டு பங்கு பாயசம் வைக்கலாம். சர்க்கரை, சேமியா எல்லாவற்றையும் அதே ⅔ ஆல் பெருக்கிக்கொள்ள வேண்டும். எந்த எண் பெரிதோ அதை முன்னால் எழுதும் பழக்கம் உள்ளவர்கள் இங்கே ¾ ÷ ½ என்று போட்டு ஒன்றரைப் பங்கு பாயசம் வைக்கக் கிளம்பிவிடுவார்கள்.

வேகம், பரப்பளவு, விலை ஆகிய கணக்குகளில் கவனிக்க வேண்டியது என்ன?

பரப்பளவும் விலையும் நேரடியானவை. 8¾ சதுர மீட்டர் பரப்புள்ள அறையின் அகலம் 2½ மீட்டர் எனில், நீளம் 35/4 × 2/5 = 3½ மீட்டர். 2¾ கிலோ பொருளின் விலை 330 ரூபாய் எனில், ஒரு கிலோ 330 × 4/11 = 120 ரூபாய்.

வேகத்தில் சிக்கல் நேரத்தால் வருகிறது. ஒரு பேருந்து 180 கிலோமீட்டரை 3 மணி 20 நிமிடத்தில் கடக்கிறது எனில், 3.20 ஆல் வகுக்கக் கூடாது. மணிக்கு அறுபது நிமிடங்கள், நூறு அல்ல. 20 நிமிடம் என்பது ⅓ மணி. ஆகவே 180 ÷ 10/3 = 54, அதாவது மணிக்கு 54 கிலோமீட்டர். 3.20 ஆல் வகுத்தால் 56.25 என்று நம்பும்படியான ஒரு தவறான விடை வரும். போட்டித் தேர்வில் அது வாய்ப்புகளில் ஒன்றாகக் கொடுக்கப்பட்டிருந்தால் வியப்பதற்கில்லை.

"மீதியில் இவ்வளவு பங்கு" என்று தொடரும் கணக்குகளை எப்படி அணுகுவது?

ஒருவர் தம் சம்பளத்தில் ⅖ பங்கை வாடகைக்கும், மீதியில் ⅓ பங்கைச் சாப்பாட்டுக்கும் செலவிட்டபின் கையில் 12,000 ரூபாய் நிற்கிறது, சம்பளம் எவ்வளவு? ⅖ ஐயும் ⅓ ஐயும் கூட்டத் தொடங்கினால் கணக்கு அங்கேயே கெட்டுவிடும். ⅓ என்பது சம்பளத்தின் பங்கு அல்ல, வாடகை போன பிறகு எஞ்சியதன் பங்கு. வாடகைக்குப் பின் சம்பளத்தில் ⅗ எஞ்சும். அதில் மூன்றில் ஒரு பங்கு போனால் மூன்றில் இரண்டு பங்கு நிற்கும்: ⅗ × ⅔ = ⅖. ஆக, சம்பளத்தின் ⅖ பங்கு 12,000 ரூபாய்; முழுச் சம்பளம் 12,000 ÷ ⅖ = 30,000 ரூபாய். வாடகை 12,000, எஞ்சியது 18,000, சாப்பாடு 6,000, கையிருப்பு 12,000 என்று முன்னோக்கிச் சரிபார்த்துக்கொள்ளலாம். செலவைத் துரத்தாமல் எஞ்சும் பங்கையே பின்தொடர்வதுதான் இதில் சூட்சுமம்.

செய்முறையில் அடிக்கடி நேரும் பிழைகள் எவை?

வகுபடும் எண்ணைத் தலைகீழாக்குவது, இரண்டு பின்னங்களையுமே தலைகீழாக்குவது, தலைகீழாக்குவதற்கு முன்பே குறுக்கே சுருக்குவது, கலப்புப் பின்னத்தில் பின்னப் பகுதியை மட்டும் கவிழ்த்துவிட்டு முழு எண்ணை அப்படியே விடுவது. கடைசிப் பிழையில் 2¾ இன் தலைகீழி 2 4/3 ஆகிவிடுகிறது, சரியானது 4/11. கலப்புப் பின்னத்தைத் தகா பின்னமாக்கிய பிறகே கவிழ்க்க வேண்டும்.

கால்குலேட்டரில் போட்டால் வேறு விடை வருகிறதே?

5½ ÷ ¾ என்பதை 5 + 1 ÷ 2 ÷ 3 ÷ 4 என்று வரிசையாகத் தட்டினால், கைபேசியில் உள்ள கால்குலேட்டர் பெரும்பாலும் 5 + 1/24 என்று எடுத்துக்கொண்டு ஐந்துக்குச் சற்று மேல் ஒரு விடையைக் காட்டும். (5 + 1 ÷ 2) ÷ (3 ÷ 4) என்று அடைப்புக்குறிகளோடு தட்ட வேண்டும். அப்போது வரும் 7.3333 என்பதை 7⅓ என்று எழுதுவதே முறை, 7.33 என்று வெட்டி, அதைக் கொண்டு மிஞ்சிய துணியைக் கணக்கிட்டால் கால் மீட்டர் சரியாக வராது.

பழகுவதற்குச் சில கணக்குகள் தர முடியுமா?

நான்கு கணக்குகள் தருகிறோம். அவற்றில் ஒன்று வகுத்தல் அல்ல. எது என்பதையும் நீங்களே கண்டுபிடிக்க வேண்டும்.

அ) 9⅓ மீட்டர் கயிற்றை 1⅙ மீட்டர் துண்டுகளாக வெட்டினால் எத்தனை துண்டுகள் கிடைக்கும்?

ஆ) ஒரு தொட்டியின் ⅝ பங்கு நிரம்ப 375 லிட்டர் நீர் பிடிக்கிறது எனில், தொட்டியின் முழுக் கொள்ளளவு என்ன?

இ) ஒரு குடத்துக்கு 2¼ லிட்டர் வீதம் 6 குடங்களில் எவ்வளவு நீர் இருக்கும்?

ஈ) 7½ கிலோ மாவிலிருந்து ஒரு வேளைக்கு 1¾ கிலோ எடுத்தால், எத்தனை வேளைக்கு முழுமையாக வரும்? எத்தனை கிலோ மாவு மிஞ்சும்?

விடைகள்: அ) 28/3 × 6/7 = 8 துண்டுகள். ஆ) 375 × 8/5 = 600 லிட்டர். இ) இதுதான் பெருக்கல்; 9/4 × 6 = 13½ லிட்டர். ஈ) 15/2 × 4/7 = 30/7 = 4 2/7; ஆகவே நான்கு வேளைக்கு வரும், மிஞ்சும் மாவு 2/7 × 7/4 = ½ கிலோ. இதில் 2/7 கிலோ என்று எழுதியவர்கள், விடையில் மிஞ்சும் பின்னத்தைப் பற்றிய கேள்விக்குத் திரும்பிச் சென்று, 22 கட்டங்களுக்குப் பதிலாக 30 கட்டங்களை வரைந்து, ஏழு ஏழாக வளைத்துப் பார்க்கலாம்.